அப்பத்தா தோளில் ஒரு கை

எங்கள் வீட்டுக் கூடத்தில் நிலைக்கு மேலே அப்பத்தா படம் மாட்டியிருக்கிறது. சந்தன மாலை, சின்னதாய் ஒரு சிவப்பு பல்பு. கிட்டப் போய்ப் பார்த்தால் அவள் இடது தோளில் நாலு பிஞ்சு விரல்கள் தெரியும். ஆள் இல்லை, விரல்கள் மட்டும். சிறு வயதில் அந்தப் பக்கம் பார்க்கவே பயப்படுவேன்.

போட்டோ எடுத்தால் ஆயுசு குறையும் என்று நம்பிய தலைமுறை. அப்பத்தா ஸ்டூடியோ படியேறியது ஒரே தடவைதான். 1962-இல், பெரியப்பா பினாங்குக்குக் கப்பலேறுவதற்கு முந்தின வாரம் எடுத்த குரூப் போட்டோ. பெரியவர்களுக்கு நாற்காலி, மருமகள்கள் பின்னால் நிற்க, பிள்ளைகள் தரையில். யார் உட்காரலாம், யார் நிற்கவேண்டும் என்பதை போட்டோகிராபர் கேட்கவே வேண்டியதில்லை. வீட்டு வழக்கம் அப்படியே வரிசையாகி நின்றது.

எத்தனையோ வீடுகளில் செத்த பிறகு மாலை ஏறும் படம் இப்படிக் கூட்டத்திலிருந்து வெட்டியெடுத்ததுதான். பெண்களுக்குத் தனிப்படம் ஏது? அப்பத்தா இறந்ததும் அவள் முகத்தை மட்டும் பெரிதாக்கி, மற்றவர்களை டச்சிங்கில் மறைத்தார்கள். விரல்களை மட்டும் அழிக்க வேண்டாம் என்று தாத்தா சொல்லிவிட்டாராம். தரையில் உட்காராமல் பக்கத்தில் நின்ற மகளின் கை அது. படம் எடுத்த மறு வருஷமே அம்மை கண்டு போய்விட்டாள். குரூப் போட்டோவையும் பின்னால் கரையான் அரித்துவிட்டது. என் அத்தையின் உருவத்தில் உலகில் மிஞ்சியது அந்த நாலு விரல்கள்தான்.

தமிழ்நாட்டு ஸ்டூடியோக்களில் 1880 முதல் 1980 வரை எடுத்த படங்களைத் தேடிப்பிடித்து எண்மமாக்கும் வேலையை, பிரிட்டிஷ் நூலகத்தின் உதவியோடு புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் செய்திருக்கிறது. கைகூப்பிக் கும்பிட வேண்டிய வேலை. ஆனால் முகத்தைக் காப்பாற்றிவிடலாம். அது யார் என்று சொல்ல வீட்டு ஆட்களால்தான் முடியும். அந்த ஆட்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள்.

அப்பத்தா படத்தில் பூஞ்சை பிடித்துவிட்டதால் போன வாரம் புதுப் பிரிண்ட் போடக் கொடுத்தேன். கடைத் தம்பி நல்ல மனசோடு, நான் கேட்காமலே, தோளைச் சுத்தமாக்கி வைத்திருந்தார். “அண்ணே, ஏதோ கை மாதிரி இருந்துச்சு, எடுத்துட்டேன்” என்றார். எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. விஷயத்தைச் சொன்னதும் ஒன்றும் பேசாமல் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்து விரல்களைத் திரும்பக் கொண்டுவந்தார்.

சட்டம் போடுவதற்கு முன் பின்பக்கம் பென்சிலால் எழுதினேன்: அப்பத்தா. தோளில் கை வைத்திருப்பது அத்தை, வயது ஏழு.