பதுங்குகுழிக் குடும்பங்களைப் படம்பிடிப்பார் யார்?

2012 சூலைத் திங்களில், தாம்பரம் வான்படைத் தளத்தில் சிங்கள வான்படையினர் ஒன்பதின்மர் பயிற்சி பெற்றுவந்த செய்தி வெளிப்பட்டது. தமிழகம் கொதித்தது, முதலமைச்சரும் கண்டித்தார். தில்லியோ அவர்களைப் பெங்களூரையடுத்த எலகங்காத் தளத்துக்கு மாற்றியது. ஊர் மாறிற்று, உறவு மாறவில்லை. 1995 சூலை 9-ஆம் நாள், யாழ்ப்பாணத்து நவாலியில் பேதுரு கோயிலில் தஞ்சம் புகுந்திருந்த குடும்பங்களின்மேல் குண்டு வீசியது அந்த வான்படையே!

ஈராண்டு கழியுமுன் மற்றொன்று நிகழ்ந்தது. பிரித்தானிய இயக்குநர் கேலம் மக்ரே எடுத்த 'நோ பயர் சோன்', அஃதாவது 'சூடு தவிர்ப்பு வலயம்' என்னும் ஆவணப்படம், 2013 மார்ச்சில் செனீவாவில் உலக நாடுகளின் பேராளர்முன் காட்டப்பெற்றது. 2009-இல் வன்னியில் நிகழ்ந்த இறுதிப் போரின் பதிவு அது. பதுங்குகுழிக்குள் ஒடுங்கிக் கதறும் பெண்டிரையும் குழந்தைகளையும், களத்தில் நின்றவர்களே கைக்கருவிகளால் எடுத்த காட்சிகள் அதில் உள்ளன. புலிகள்மீதான குற்றச்சாட்டுகளையும் அப்படம் மறைக்கவில்லை. இருந்தும் 2014-இல் நடுவணரசின் திரைப்படச் சான்று வாரியம் அதற்குச் சான்று மறுத்தது. இலங்கையோடு உள்ள நட்புறவு கெடுமாம்! குண்டு வீசிய படைக்குத் தாம்பரத்தில் இடமுண்டு. குண்டடிபட்ட குடும்பத்தின் படத்துக்குத் தாம்பரத்துத் திரையரங்கில் இடமில்லை. படக்குழுவினர் பின்னர் அதனை இணையவழி இலவயமாகக் காணச் செய்தனர் என்பது தனிச் செய்தி.

தில்லியைச் சாடுதல் எளிது. தமிழர் செய்தது என்ன? 2007-இல் கரும்புலிப் பெண்கள் இருவரையும், அவருள் ஒருத்தியின் தாயையும் படம்பிடித்தவர் நோர்வே நாட்டுப் பெண்மணி. வன்னியின் அழிவைத் தொகுத்தவர் பிரித்தானியர். தாம்பரத்திலிருந்து மின்தொடர்வண்டி ஏறினால் அரைமணியளவில் எட்டும் கோடம்பாக்கமோ, காதற்பாட்டுக்குக் கடல்கடந்து செல்கிறது! அயலார்க்கு நன்றி கூறுவோம். ஆயினும் அவர்தம் படங்களில் தமிழ்த்தாயின் சொல்லை வேற்றுமொழி எழுத்து விளக்க வேண்டியுள்ளது.

போர் என்பது குண்டு விழும் நொடி மட்டுமன்று. பொருட்டடையால் மண்ணெண்ணெய் அருகிய யாழ்ப்பாணத்தில், கண்ணாடிப் புட்டிலில் பஞ்சிட்டுச் சிறிதே எண்ணெய் வார்த்துத் திரி கொளுத்தி, அவ்வொளியில் பிள்ளைகள் படித்தனர். மின்கலம் தடைப்பட்டபோது, மிதிவண்டியின் மின்னாக்கியைச் சுழற்றி வானொலி கேட்டனர். முற்றத்துத் தென்னையைத் தறித்து அடுக்கிப் பதுங்குகுழிக்குக் கூரையிட்டனர். 1995 அத்தோபர் 30-ஆம் நாள் இரவு, வலிகாமத்து மக்கள் இலக்கக்கணக்கில் ஒரே சாலையில் கொட்டும் மழையில் நடந்தனர். அந்நடையில் அடுப்பங்கரையிலிருந்து எதை எடுத்தாள், எதை விட்டாள் என்பதை ஒரு தாய்தான் சொல்லமுடியும். 'இடப்பெயர்வு', 'எறிகணை' என்று ஈழத்து வீடுகளில் வழங்கிய நல்ல தமிழ்ச்சொற்களும் அவள் வாய்வழியே வரும்.

அத்தகைய தாய்மார் தொலைவில் இல்லை. தமிழகத்தின் நூற்றுக்கு மேற்பட்ட முகாம்களிலும், தென்சென்னைப் புறநகர் வாடகை வீடுகளிலும் உள்ளனர். பெருமுதல் வேண்டா, ஒரு கைப்பேசியும், குறுக்கிடாது கேட்கும் பொறுமையும் போதும். தாம்பரம், குரோம்பேட்டை, பல்லாவரத்துத் தமிழ் மன்றத்து இளைஞர் ஆளுக்கொரு வீடு செல்லட்டும். 1983-இல் இருபது அகவையில் படகேறிய பெண்ணுக்கு இன்று அறுபது கடந்துவிட்டது. அவளை ஈன்றவள் பல வீடுகளில் இன்றில்லை.