சொட்டு மருந்தும் ஒரு நடிகரின் குரலும்

அமிதாப் பச்சனின் திரைவாழ்வு ஓர் இடதுசாரிக் கலைஞரின் கையால் தொடங்கியது என்பதை நம்மில் பலர் மறந்திருப்போம். ‘இப்டா’ முன்னோடிகளுள் ஒருவரான கே.ஏ. அப்பாஸ் இயக்கிய ‘சாத் ஹிந்துஸ்தானி’ (1969) அவர் நடித்த முதல் படம். பின்னர், ரஜினிகாந்தின் ‘தீ’யாகத் தமிழுக்கு வந்த ‘தீவார்’ படத்தில் துறைமுகத் தொழிலாளி. சாஸ்நாலா விபத்தைத் தழுவிய ‘காலா பத்தர்’ படத்தில் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி. ‘கூலி’யில் ரயில்நிலையச் சுமைதூக்கி. 1982இல் ‘கூலி’ படப்பிடிப்பில் அடிபட்டபோது ஏற்றப்பட்ட இரத்தத்தின் வழியே ஹெபடைடிஸ்-பி தொற்றியது. அதையும், தமக்கு வந்த காசநோயையும் அவர் ஒளிக்கவில்லை. இரண்டையும் பற்றிய விழிப்புணர்வுப் பரப்புரைகளில் தாமே பேசினார். நோயை மறைப்பதே மானம் எனக் கருதும் நாட்டில் இது சிறிய பணியன்று.

போலியோ குறும்படங்களைப் பற்றி மட்டும் எனக்கொரு மனக்குறை உண்டு. அவற்றில் அவர் யாரிடம் சினந்தார்? பிள்ளையை முகாமுக்குத் தூக்கி வராத பெற்றோரிடம். திரையில் மேலோரை நோக்கிப் பாய்ந்த கோபம், இங்கே ஏழைத் தாயின்மேல் திரும்பியது.

2002இல் இந்தியாவில் 1,600 பேரைப் போலியோ தாக்கியது. 2009இலும் 741 பேரை. பெரும்பாலோர் உத்தரப்பிரதேசம், பீகார் மாநிலக் குழந்தைகள். அவர்களுள் பலமுறை மருந்து குடித்தவர்களும் இருந்தனர். திறந்த சாக்கடையும் ஓயாத வயிற்றுப்போக்கும் ஊட்டக்குறைவும் சேர்ந்து மருந்தைக் குடலில் பலிக்கவிடவில்லை. இதற்குத் தாய் என்ன செய்வாள்? சாக்கடையைச் சீர்செய்ய வேண்டிய அரசை நோக்கி அக்குரல் உயரவில்லை.

2011 ஜனவரியில் ஹவுராவில் கண்டறியப்பட்ட சிறுமியோடு நோய் நின்றது. 2014 மார்ச்சில் சான்றிதழும் வந்தது. குளிர்ப்பெட்டியைத் தோளில் சுமந்து வீடுவீடாக நடந்தவர்கள், சுவரில் சுண்ணக்கட்டியால் குறியிட்டவர்கள், விடுபட்ட குழந்தையைத் தேடி மறுபடியும் கதவைத் தட்டியவர்கள் பெரும்பாலும் பெண்கள். அவர்களுள் ஆஷா, அங்கன்வாடித் தோழியர் ஏராளம். ஆஷாவை அரசு ‘தன்னார்வலர்’ என்கிறது. அங்கன்வாடி ஊழியருக்குத் தருவதை ‘மதிப்பூதியம்’ என்கிறது. தில்லி ஆவணங்களைத் தமிழாக்கும்போது அச்சொல்லருகே என் பேனா ஒவ்வொரு முறையும் தயங்கும். அதில் மதிப்பும் இல்லை, ஊதியமும் இல்லை. ஊதியம் என்று எழுதிவிட்டால் அவர்களைத் தொழிலாளர் என ஒப்ப வேண்டிவருமே!

திட்டப் பணியாளர்களைத் தொழிலாளர்களாக ஏற்று, குறைந்தபட்ச ஊதியமும் சமூகப் பாதுகாப்பும் வழங்குமாறு 45ஆவது இந்தியத் தொழிலாளர் மாநாடு 2013இலேயே பரிந்துரைத்தது. அது முத்தரப்பு மாநாடு; ஒன்றிய அரசும் அதில் ஒரு தரப்பு.