வழி சொல்லும் பலகையா, பணம் பிடுங்கும் பொறியா?

இங்கிலாந்தில் யார்க் என்று ஒரு பழைய நகரம். ரயில் பெட்டித் தொழிற்சாலையாலும் சாக்லேட் ஆலைகளாலும் பிழைத்த ஊர். ரயில் பெட்டித் தொழிற்சாலையை 1996-ம் ஆண்டிலேயே மூடிவிட்டார்கள். இப்போது வெளியூர்களிலிருந்து சுற்றிப் பார்க்க வருகிறவர்களையே பெரிதும் நம்பி நிற்கிறது. ஊருக்கு நடுவே ஊஸ் நதி. அதன்மேல் லெண்டல் பாலம். 2013 ஆகஸ்டு மாதக் கடைசியில் அந்த நகரசபை ஒரு பரீட்சார்த்த உத்தரவு போட்டது. காலை பத்தரை மணி முதல் மாலை ஐந்து மணி வரை பாலத்தின்மேல் பஸ்ஸும் டாக்ஸியும் சைக்கிளும் போகலாம். சொந்தக் கார்கள் போகக் கூடாது. மீறினால் 60 பவுன் அபராதம். 14 நாட்களுக்குள் கட்டினால் பாதி. மீறுகிறவரைக் கைகாட்டி நிறுத்திச் சொல்வதற்கு அங்கே போலீஸ்காரர் எவரும் இல்லை. கம்பத்தின்மேல் கேமரா இருந்தது. அது எவரையும் நிறுத்தாது, எச்சரிக்காது. வண்டி எண்ணைப் படம் பிடித்து வைத்துக்கொள்ளும். சில நாள் கழித்து வீட்டுக்குத் தபால் வரும்.

பலன் என்னவென்றால், எட்டு மாதம் நிறைவதற்குள் 50 ஆயிரத்துக்கும் மேற்பட்ட அபராதச் சீட்டுகள்! வசூலான பணம் பத்து லட்சம் பவுனைத் தாண்டியது. அந்த நகரத்தின் ஜனத்தொகையோ சுமார் இரண்டு லட்சம்.

ஆலையில் வேலை செய்யும் நமது தோழர்களுக்கு இதில் ஒரு கணக்கு உடனே விளங்கும். ஒரு தறியில் நூல் அறுந்துகொண்டே இருந்தால் அந்தத் தறிக்காரரைக் கேட்கலாம். அத்தனை தறிகளிலும் நாள் தவறாமல் நூல் அறுந்தால், மேஸ்திரி எவ்வளவு கத்தினாலும், கோளாறு நூலில்தான் இருக்கிறது. 50 ஆயிரம் பேர் ஒரே பாலத்தில் ஒரே தவறைச் செய்தார்கள் என்றால், அவர்கள் அனைவரும் சட்டத்தை மீறக் கங்கணம் கட்டிக்கொண்டு வந்தவர்களா? இல்லை. பலகை அவர்களுக்குப் புரியும்படி வழி சொல்லவில்லை. அவ்வளவுதான் விஷயம்.

நாம் மட்டும் சொல்வதல்ல இது. ஒருவர் மேல்முறையீடு செய்தார். அபராத வழக்குகளை விசாரிக்கும் தீர்ப்பாளர் 2014 ஏப்ரலில் முடிவு சொன்னார்: வைத்திருந்த பலகைகள் போதுமானவையாக இல்லை; போதாததற்கு, அந்தப் பாலத்தில் இம்மாதிரி அபராதம் விதிக்க நகரசபைக்கு அதிகாரமே கிடையாது. அந்த மாதமே தடை நீக்கப்பட்டது. பிறகு பணத்தைத் திருப்பித் தருவதாக நகரசபை ஒப்புக்கொண்டது. ஆனால் அதிலும் ஒரு விசித்திரத்தைப் பாருங்கள். அபராதம் கேட்காமலே வீடு தேடி வந்தது. திருப்பித் தரவேண்டிய பணத்துக்கு மட்டும், கட்டியவர்களே விண்ணப்பம் எழுதிக் கேட்க வேண்டும் என்றார்கள்! வண்டி எண்ணும் விலாசமும் அவர்கள் கையிலேயே இருந்தன. அப்போது அந்த நகரசபையை நடத்தியது எந்தக் கட்சி தெரியுமா? தொழிலாளர் பெயரைத் தாங்கிய தொழிற்கட்சிதான்.

நமது வாசகர்கள் கேட்கலாம்: “எங்களுக்குக் காரும் இல்லை, கார் வாங்கும் யோசனையும் இல்லை. சீமையில் கார்க்காரனுக்கு அபராதம் விழுந்தால் எங்களுக்கென்ன?” நியாயமான கேள்விதான். காரில் போகிறவருக்காகக் கண்ணீர் விடுவதற்கு நாம் இதை எழுதவில்லை. நமது கவலை பஸ்ஸைப் பற்றியது.

பஸ்ஸுக்கென்று தனிப் பாதை ஒதுக்குவது நல்ல காரியம், அவசியமான காரியம். ஒரு பஸ்ஸில் ஐம்பது அறுபது பேர் நெருக்கியடித்து நிற்கிறார்கள். ஷிப்டுக்குப் போகிறவர், ஆஸ்பத்திரிக்குப் போகிறவர், பள்ளிப் பிள்ளைகள். பக்கத்தில் ஒரு காரில் ஒருவர், மிஞ்சினால் இருவர். ஒரு பஸ் பிடிக்கிற இடத்தை இரண்டு மூன்று கார்கள் பிடித்துக்கொள்கின்றன. சாலையை வண்டிக் கணக்கில் பங்கிட்டால் காருக்கு லாபம். தலைக் கணக்கில் பங்கிட்டால் பஸ்ஸுக்கு நியாயம். வேலைக்கு அரை மணி பிந்தினால் கூலியில் பிடிக்கப்படுகிறவருக்கு இந்தக் கணக்கைப் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை.

ஆகவேதான் பொறிவைத்துப் பணம் பிடிக்கும் நிர்வாகத்தின்மீது நமக்குக் கோபம் வருகிறது. பலகையைக் குழப்பமாக வைத்து ஆயிரக்கணக்கானவர்களை வஞ்சித்தால், மறுநாள் கார்க்காரர்களின் பத்திரிகைகள் என்ன எழுதுகின்றன? “பலகையைத் திருத்து” என்றா எழுதுகின்றன? “பஸ் பாதையையே ஒழி” என்று எழுதுகின்றன. யார்க்கில் பாலமே மறுபடி காருக்குத் திறந்துவிடப்பட்டது. அபராதப் பணத்தை ஆசையாய் எண்ணியவர்கள், தங்களை அறியாமலே, பஸ் பிரயாணியின் பாதையைப் பறிகொடுத்தார்கள்.

லண்டன் மாநகரத்தில் இந்தக் குழப்பம் இன்னும் வளமாகச் செழித்திருக்கிறது. அங்கே பஸ் பாதைக்கு நீலப் பலகை வைப்பார்கள். அதில் பஸ் படம் இருக்கும், சைக்கிள் படம் இருக்கும், ‘டாக்ஸி’ என்ற சொல் சில பலகைகளில் இருக்கும், சிலவற்றில் இருக்காது. கீழே நேரம் எழுதியிருக்கும். ஒரு தெருவில் காலை 7 முதல் 10 வரையும் மாலை 4 முதல் 7 வரையும். இன்னொன்றில் காலை 7 முதல் மாலை 7 வரை. நேரமே எழுதாவிட்டால் இருபத்துநான்கு மணி நேரமும் என்று அர்த்தம்! எழுதாத எழுத்தையும் வாசிக்கத் தெரிந்தவனே அங்கே வண்டி ஓட்டலாம் போலிருக்கிறது. பெருநகரப் போக்குவரத்து நிர்வாகத்தின் கீழுள்ள பெருஞ்சாலைகளில் பெரும்பாலான பஸ் பாதைகளை 2021 டிசம்பரில் முழு நாளுக்கும் நிரந்தரமாக்கினார்கள். ஆனால் பக்கத்துத் தெரு உள்ளூர்ச் சபைக்குச் சொந்தம். அங்கே வேறு நேரம். மோட்டார் சைக்கிளுக்குப் பெருஞ்சாலையின் பஸ் பாதைகளில் பெரும்பாலும் அனுமதி. மூலை திரும்பினால் அனுமதி இருக்கலாம், இல்லாமலும் போகலாம். பெருஞ்சாலைகளில் அபராதம் 2022 ஜனவரியில் 130 பவுனிலிருந்து 160 பவுனாக உயர்ந்தது.

இந்த அபராதம் யார் தலையில் விழுகிறது? பகலெல்லாம் லண்டன் தெருக்களில் ஓடுகிறவர்கள் யார்? பிரபுக்களா? பார்சல் கொண்டுபோகும் வேன் ஓட்டுநர், சாப்பாட்டுப் பொட்டலம் கொண்டுபோகும் மோட்டார் சைக்கிள் இளைஞர், வாடகைக் கார் ஓட்டும் குடியேறிகள். இந்தக் கடைசிக் கூட்டத்தில் ஆசியாவிலிருந்தும் ஆப்பிரிக்காவிலிருந்தும் போனவர்கள் ஏராளம்; ஈழத்திலிருந்து உயிர் தப்பிப் போன நம் தமிழரும் உண்டு. மழையில், இருட்டில், அடுத்த சவாரிக்கு நேரமாகிறதே என்ற பதைப்பில், பலகையின் பொடி எழுத்தைப் படித்துத் தீர்மானிக்க அவர்களுக்குக் கிடைப்பது ஒரு விநாடி, இரண்டு விநாடி. தவறினால் ஒரு நாள் உழைப்பு போயிற்று.

‘டாக்ஸி’ என்ற அந்த ஒரு சொல்லிலேயே எத்தனை வில்லங்கம்! நாம் டாக்ஸி என்றால் வாடகைக்கு ஓடும் கார் என்று நினைப்போம். இங்கிலாந்துச் சட்டத்தில் அப்படி இல்லை. தெருவில் கைகாட்டி நிறுத்தி ஏறக்கூடிய உரிமம் பெற்ற வண்டி மட்டுமே டாக்ஸி. லண்டனில் அது கறுப்பு வண்டி. முன்கூட்டிச் சொல்லி வரவழைக்கும் ‘மினிகேப்’ டாக்ஸி அல்ல. ஆகவே டாக்ஸி என்று எழுதிய பாதையில் அது நுழைந்தால் அபராதம். 2012 ஏப்ரலில் ஆடிசன் லீ என்ற பெரிய மினிகேப் கம்பெனியின் தலைவர் தம் ஓட்டுநர்களிடம், “பஸ் பாதையில் தைரியமாகப் போங்கள், அபராதத்தைக் கம்பெனி பார்த்துக்கொள்ளும்” என்று சொன்னார். ஓட்டுநர்மேல் என்ன பாசம் என்று எண்ணிவிட வேண்டாம். பாதை கிடைத்தால் சவாரி கூடும், லாபம் கூடும். வழக்கு ஐரோப்பிய நீதிமன்றம் வரைக்கும் போயிற்று. 2015 ஜனவரி 14 அன்று அந்த நீதிமன்றம் கறுப்பு வண்டிக்குத் தனிச் சலுகை கொடுப்பது தவறாகத் தெரியவில்லை என்று சொல்லிவிட்டது. கறுப்பு வண்டிக்குக் கட்டணம் சர்க்கார் நிர்ணயிப்பது, கைகாட்டினால் ஏற்றிக்கொள்ள வேண்டிய கடமை உண்டு, சக்கர நாற்காலியை ஏற்ற வசதி உண்டு. இந்த வேறுபாட்டில் நியாயம் இருக்கிறது என்பதை நாமும் மறுக்கவில்லை. ஆனால் இந்தச் சட்ட சாஸ்திரமெல்லாம் நீலப் பலகையில் எங்கே எழுதியிருக்கிறது?

அதே 2012-ம் ஆண்டு கோடையில் லண்டனில் ஒலிம்பிக் பந்தயம் நடந்தது. அப்போது நடந்ததைச் சொன்னால் சாலை யாருக்கு என்பது பட்டவர்த்தனமாகிவிடும். ஏறக்குறைய 30 மைல் நீளத்துக்குச் சாலைகளில் ஒரு பாதையைப் பிரித்துப் பந்தய முத்திரை வரைந்தார்கள். ஓடி ஆடும் வீரர்கள் போவதற்கு என்றால் ஒருவரும் குறை சொல்லமாட்டார். ஆனால் ஒலிம்பிக் கமிட்டிப் பெரியவர்களும், பந்தயத்துக்குப் பணம் கொடுத்த பெரிய கம்பெனிகளின் விருந்தாளிகளும் அதில்தான் போனார்கள். டாக்ஸிக்காரர்களுக்கு அந்தப் பாதைகளில் பெரும்பாலானவற்றில் இடமில்லை. அவர்கள் பார்லிமெண்டுக்கு முன்னால் வண்டிகளை நிறுத்தி மறியல் செய்தார்கள். சாதாரண வண்டி நுழைந்தால் 130 பவுன்.

குழப்பமும் உடனே வந்தது. ஜூலை 25-ம் தேதிதான் பாதை அமலுக்கு வரும் என்றிருக்க, வண்ணத்தை முன்னதாகவே பூசிவிட்டார்கள். அபராதத்துக்குப் பயந்து ஜனங்கள் அந்தப் பாதையைத் தொடவே இல்லை. மிச்சமிருந்த பாதையில் வண்டிகள் மைல் கணக்கில் தேங்கின. அமலுக்கு வந்த பிறகும் கூட்டம் குறைந்த வேளைகளில் எல்லோரும் போகலாம் என்று மின்பலகையில் எழுத்து ஓடும். தரையிலோ போகக்கூடாது என்ற பூச்சு அப்படியே இருக்கும். தலைக்கு மேல் ஒரு உத்தரவு, காலுக்குக் கீழே வேறு உத்தரவு! எதை நம்புவது? மனிதன் எப்போதும் பணம் போகாத பக்கத்தைத்தான் நம்புவான். பாதை வெறுமனே கிடந்தது.

நமது தலைநகரத்துக்கு வருவோம். டில்லியில் அம்பேத்கர் நகரிலிருந்து மூல்சந்த் வரைக்கும் 5.8 கிலோ மீட்டருக்கு 2008-ம் ஆண்டில் பஸ்ஸுக்குத் தனிப் பாதை போட்டார்கள். காரில் போகிறவர்களுக்கு அது பொறுக்கவில்லை. பஸ் பாதையைக் காருக்கும் திறந்துவிட வேண்டும் என்று டில்லி ஹைகோர்ட்டில் மனு வந்தது. மனுவில் கண்ட ஒரு வாதத்தை நமது வாசகர்கள் கவனிக்க வேண்டும். காரில் போகிறவர்கள் செல்வத்தைப் படைப்பவர்களாம். அவர்கள் சாலையில் காத்துக்கிடந்து களைத்துப் போகிறார்களாம்! பஞ்சாலையில் எட்டு மணி நேரம் நின்று நூல் எடுத்துவிட்டு பஸ்ஸில் தொங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிறவர் என்னத்தைப் படைக்கிறார்? சேற்றில் குனிந்து நாற்று நட்டு வரப்போரம் பஸ்ஸுக்குக் காத்து நிற்கிற பெண் என்னத்தைப் படைக்கிறார்? இந்தக் கேள்வி அந்த மனுதாரர்களின் புத்தியில் தோன்றவே இல்லை. 2012 அக்டோபர் 18 அன்று ஹைகோர்ட் அந்த மனுவைத் தள்ளுபடி செய்தது. நல்ல தீர்ப்பு. ஆனால் கோர்ட்டில் காப்பாற்றப்பட்ட பாதையைச் சர்க்கார் காப்பாற்றவில்லை. 2016-ல் இடித்து எடுக்கத் தொடங்கினார்கள்.

பிறகு 2022 ஏப்ரல் 1 முதல் அதே டில்லியில் வேறு ஒரு திட்டம் வந்தது. தேர்ந்தெடுத்த சாலைகளில் பஸ்ஸும் சரக்கு வண்டியும் இடதுபுறப் பாதையிலேயே போகவேண்டும். விலகினால் ஓட்டுநருக்கு 10,000 ரூபாய் வரை அபராதம், ஆறு மாதம் வரை சிறை என்று அறிவிப்பு. யாருக்கு அபராதம் என்பதைக் கவனியுங்கள்: பஸ்ஸின் பாதையை அடைத்துக்கொள்கிறவருக்கு முன்பாக, பஸ் ஓட்டுகிறவருக்கு! இடதுபுறத்தில் ஒரு கார் நின்றுகொண்டிருந்தால் ஓட்டுநர் என்ன செய்வார்? பின்னால் அறுபது பிரயாணிகளை வைத்துக்கொண்டு கார்க்காரர் கடையிலிருந்து திரும்பும் வரை காத்திருப்பாரா, விலகிப் போய்ப் பத்தாயிரத்தைப் பணயம் வைப்பாரா? நிற்கும் காரை இழுத்துப் போவோம் என்றும் சர்க்கார் சொல்லியது உண்மைதான். இழுக்கும் வண்டி வந்து சேரும்வரை சிக்கிக்கொள்கிறவர் ஓட்டுநர்.

அபராதம் என்பது ஒரே தொகையாக இருக்கும் வரையில் அது ஒரே தண்டனை ஆகாது. பணக்காரருக்கு அது பாதைக்குச் செலுத்துகிற வாடகை. கூலிக்காரருக்கு அது அடுப்பு எரியாத வாரம். பின்லாந்தில் வேறு முறை வைத்திருக்கிறார்கள். பெரிய சாலைக் குற்றத்துக்கு, செய்தவரின் வருமானத்தைப் பார்த்து அபராதம் நிர்ணயிக்கிறார்கள். 2023-ல் அந்நாட்டின் ஆலண்டு தீவில், 50 கிலோ மீட்டர் வேகம் அனுமதித்த இடத்தில் 82-ல் போன ஒரு கோடீஸ்வரருக்கு 1,21,000 யூரோ விதித்தார்கள். பின்லாந்து ஒன்றும் பாட்டாளி ராஜ்யம் அல்ல. முதலாளிகள் ஆளும் தேசத்திலேயே அது நடக்கிறது.

பஸ் பாதை வேண்டும். அதைக் காருக்கு விட்டுக்கொடுக்கக் கூடாது என்பதில் நமக்குச் சந்தேகமில்லை. ஆனால் பலகை வைக்கிறவர், அவ்வூரை முதன்முதலாகப் பார்க்கிற ஒரு லாரி ஓட்டுநரை அந்தச் சாலையில் ஓட்டச் சொல்லி, அவருக்குப் புரிகிறதா என்று பார்த்துவிட்டு அல்லவா கேமராவை மாட்ட வேண்டும்? ஒரு சாலையில் இரண்டு பலகைகள் முரண்பட்டால் அங்கே அபராதம் செல்லாது என்று இருக்க வேண்டும். கட்டிய பணத்தை, மனுக் கேட்காமல், அபராதச் சீட்டு போன அதே விலாசத்துக்கு அனுப்ப வேண்டும். கம்பெனி வண்டியை ஓட்டும் தொழிலாளிக்கு விழுகிற அபராதத்தை, கம்பெனி கொடுத்த வழித்தடமே காரணமாக இருக்கும்போது, சம்பளத்தில் பிடிக்கக் கூடாது. தனிப் பாதை போடத் துணிகிற எந்த நகரமும், பஸ் ஓட்டுநர்களின் சங்கத்தையும் டாக்ஸி ஓட்டுநர்களின் சங்கத்தையும் அழைத்து, முதல் பலகை ஊன்றுவதற்கு முன்னால் அவர்களோடு அந்தச் சாலையை ஒரு முறை நடந்து பார்க்கட்டும்.