காசு கொடுத்தார்களா, ஆடிப் பார்த்தார்களா?

அக்கா மகன் ரிமோட்டை வீசிய வேகத்தில் பின்மூடி கழன்று, பேட்டரி இரண்டும் சோபாவுக்கு அடியில் உருண்டு போயின. 2024 டிசம்பர் 13, வெள்ளிக்கிழமை காலை. லாஸ் ஏஞ்சலிஸில் அப்போது வியாழன் இரவு. ‘தி கேம் அவார்ட்ஸ்’ மேடையில் ஆண்டின் சிறந்த கேம் விருதைச் சோனியின் ‘ஆஸ்ட்ரோ பாட்’ தட்டிக்கொண்டு போனது. ஆகஸ்டிலிருந்து தூக்கம் கெட்டு அவன் ஆடிய ‘பிளாக் மித்: வூகாங்’ தோற்றது. கல்லூரிப் பையை மாட்டிக்கொண்டே சொன்னான்: “காசு குடுத்து வாங்கிட்டானுங்க மாமா. சோனியாச்சே, கேக்கணுமா?”

இது அவனுடைய சொந்தச் சரக்கு இல்லை. இந்த விழா தொடங்கிய 2014 முதல் டிசம்பருக்கு டிசம்பர் தோற்ற கேமின் ரசிகர்கள் சொல்லி வருவதுதான். சினிமா விருதைப் பற்றி நாம் டீக்கடையில் பேசுகிற பேச்சு இப்போது கேமுக்கும் வந்துவிட்டது. வூகாங்கை உருவாக்கிய கேம் சயின்ஸ் நிறுவனத்தின் தலைவர் ஃபெங் ஜி, எந்த அளவுகோலில் தேர்ந்தெடுத்தார்கள் என்று புரியவில்லை, வீணாக வந்தேன் என்ற பொருளில் சீன சமூக வலைத்தளத்தில் எழுதினார். பெரிய மனிதரே அப்படி எழுதும்போது கல்லூரிப் பையனைக் குறை சொல்லி என்ன?

ஆனாலும் சொல்கிறேன்: இது தவறு. சோம்பேறித்தனமான தவறு. யாரோ சூட்கேஸில் பணம் கொண்டுபோய்க் கொடுத்தார்கள் என்று முடிவு கட்டிவிட்டால், ஓட்டு எப்படி எண்ணப்படுகிறது என்று பார்க்கிற வேலை மிச்சம். கோளாறு இருப்பதோ அந்த எண்ணிக்கையில்தான்.

பணக் கதையை முதலில் முடித்துவிடுவோம். வூகாங் வெளியான மூன்றே நாளில் ஒரு கோடிப் பிரதிகள் விற்றது. ஆஸ்ட்ரோ பாட் இரண்டு மாதத்தில் விற்றது 15 லட்சம். பணம்தான் பேசும் என்றால் யாருடைய பணம் உரக்கப் பேசியிருக்க வேண்டும்? சரி, சோனி என்கிற பெயருக்கு வருகிறேன். 2020இல் சோனியின் ‘தி லாஸ்ட் ஆஃப் அஸ் பாகம் 2’ ஏழு விருதுகளை அள்ளியபோது உலகமே கொதித்தது. அதே இரவு, ஒரு நடுவரின் கையும் படாமல் முழுக்க ரசிகர் ஓட்டில் மட்டும் தரப்படும் ‘பிளேயர்ஸ் வாய்ஸ்’ விருது எதற்குப் போனது? ‘கோஸ்ட் ஆஃப் சூஷிமா’வுக்கு. அதுவும் சோனி வெளியிட்டதுதான். லட்சக்கணக்கான ரசிகர்களையும் சோனி விலைக்கு வாங்கியதா?

இன்னொரு சம்பவமும் உண்டு. விழாவை நடத்துகிற ஜெஃப் கீலியும் கேம் இயக்குநர் ஹிடியோ கோஜிமாவும் நெடுநாள் நண்பர்கள் என்பது ஊரறிந்த விஷயம். கோஜிமாவின் ‘டெத் ஸ்ட்ராண்டிங்’ கேமுக்குள்ளேயே கீலியின் முகத்தோடு ஒரு பாத்திரம் வரும். வெளியிட்டதும் சோனி. 2019இல் மிக அதிகப் பரிந்துரைகளோடு களத்தில் நின்ற கேம் அது. நட்பு, நிறுவனம், விளம்பரம் மூன்றும் ஒரே பக்கம் இருந்தும் ஆண்டின் சிறந்த கேம் விருது ‘செகிரோ’வுக்குப் போனது. இதைச் சொன்னால் என் அக்கா மகன், “அது வெளிய தெரியாம இருக்க பண்ண டிராமா” என்பான். அப்படி ஒரு நம்பிக்கையோடு வாதாடி ஜெயிக்க முடியாது.

பணத்துக்கு அங்கே இடமே இல்லை என்றும் நான் சொல்லவில்லை. அது எதை வாங்குகிறது என்பது கண்ணெதிரே தெரிகிறது: நேரத்தை. விழாவில் கணிசமான நேரம் புது கேம்களின் டிரெய்லர்தான். கீலி கோடையில் நடத்துகிற ‘சம்மர் கேம் ஃபெஸ்ட்’ நிகழ்ச்சியில் 2024இல் ஒரு நிமிட டிரெய்லருக்கு 2,50,000 டாலர் கட்டணம் என்று செய்தி வந்தது. விற்கிற நிமிடத்துக்கு அப்படி மரியாதை என்றால், விற்க முடியாத நிமிடத்துக்கு என்ன மரியாதை என்பதை 2023இல் பார்த்தோம். ‘பால்டர்ஸ் கேட் 3’ விருது வென்றது. அதை உருவாக்கிய லாரியன் ஸ்டுடியோவின் தலைவர் ஸ்வென் வின்கே இரும்புக் கவசம் அணிந்து மேடையேறி, இறந்துபோன சக ஊழியரை நினைவுகூர்ந்து பேசிக்கொண்டிருக்கிறார். எதிரே இருந்த திரை, பேச்சை முடியுங்கள் என்று அவசரப்படுத்தியது. பல விருதுகளை மேடைக்கே யாரையும் கூப்பிடாமல், வெங்காய விலை வாசிப்பது போல வரிசையாக வாசித்துத் தள்ளினார்கள். இது அசிங்கம். ஆனால் இது விளம்பரக் கடையின் அசிங்கம். ஓட்டுப்பெட்டி வேறு அறையில் இருக்கிறது.

அந்த அறைக்குள் போவோம். உலகம் முழுவதும் நூற்றுக்கும் மேற்பட்ட பத்திரிகைகளும் இணையதளங்களும்தான் நடுவர்கள். ஆளுக்கு ஓர் ஓட்டு கிடையாது. அலுவலகத்துக்கு ஒரு சீட்டு. ஆசிரியர் குழு கூடிப் பேசி, ஒவ்வொரு பிரிவுக்கும் ஐந்து கேம்களை எழுதி அனுப்புகிறது. அந்த ஐந்தில் முதலிடம், இரண்டாமிடம் என்ற வரிசை இல்லை. எல்லாச் சீட்டுகளையும் கொட்டி, எந்தப் பெயர் அதிகச் சீட்டில் வந்தது என்று எண்ணுகிறார்கள். அதிகம் வந்தவை இறுதிப் பட்டியலுக்குப் போகின்றன. பிறகு நடக்கும் ஓட்டெடுப்பில் நடுவர்களுக்கு 90 சதவீதம், இணையத்தில் ஓட்டுப் போடும் ரசிகர்களுக்கு 10 சதவீதம்.

வரிசை இல்லாத சீட்டு என்பதில் கொஞ்சம் நில்லுங்கள். ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நூறு அலுவலகங்கள். ஒரு சிறிய கேமை 35 அலுவலகங்கள் ஆடிப் பார்த்து, பத்து வருடத்தில் இப்படி ஒன்று வந்ததில்லை என்று கொண்டாடுகின்றன. மற்ற 65 அலுவலகங்களில் அதை யாரும் திறக்கக்கூட இல்லை. இன்னொரு பெரிய கேமை எல்லாரும் ஆடியிருக்கிறார்கள். ஒருவருக்கும் அது முதலிடம் இல்லை. 60 பேர் ‘இதையும் போட்டு வைப்போம்’ என்று ஐந்தாவது பெயராக எழுதுகிறார்கள். எண்ணினால் 60 பெரியது, 35 சிறியது. கொண்டாடப்பட்டது வெளியே, போட்டு வைக்கப்பட்டது உள்ளே. யாரும் யாருக்கும் பத்துப் பைசா கொடுக்கவில்லை. ஒரு கேம் எவ்வளவு நன்றாக இருந்தது என்பதைவிட, எத்தனை மேசைகளில் அது திறக்கப்பட்டது என்பதைத்தான் இந்த முறை அளக்கிறது.

இதை மனதில் வைத்துக்கொண்டு 2019ஐத் திரும்பப் பாருங்கள். கேம் அவார்ட்ஸில் செகிரோ. கேம் உருவாக்குபவர்களே ஓட்டுப் போடுகிற அமெரிக்காவின் டைஸ் விருதிலும், சான் ஃபிரான்சிஸ்கோவின் ஜிடிசி விருதிலும் ‘அன்டைட்டில்ட் கூஸ் கேம்’. ஊரில் ஒரு வாத்து செய்கிற அழிச்சாட்டியம், அவ்வளவுதான் கதை. பிரிட்டனின் பாஃப்டாவிலோ ‘அவுட்டர் வைல்ட்ஸ்’. அதே ஆண்டின் கேம்கள், மூன்று விதமான பதில். வாத்தும் அவுட்டர் வைல்ட்ஸும் கேம் அவார்ட்ஸில் ஆண்டின் சிறந்த கேமுக்கான ஆறு பேர் பட்டியலில்கூட இல்லை. சிறு நிறுவனக் கேம்கள் என்ற பிரிவில் உட்கார வைக்கப்பட்டன. யார் எண்ணுகிறார்கள், எப்படி எண்ணுகிறார்கள் என்பது மாறினால் சிறந்தது எது என்பதும் மாறுகிறது.

2024இல் ஒரே ஆள் உருவாக்கிய ‘பலாட்ரோ’ என்ற சீட்டுக்கட்டு கேம் ஆறு பேர் பட்டியலுக்குள் வந்ததே, அது எப்படி என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. பிப்ரவரியில் வந்தது, விலை குறைவு, சாதாரணக் கணினியிலும் ஓடும், செப்டம்பரில் போனுக்கும் வந்துவிட்டது. ஒன்பது மாதம் எல்லா அலுவலகங்களிலும் மதிய உணவு இடைவேளையில் சீட்டுக்கட்டு ஓடியிருக்கும். மேசை மேசையாகப் போய்ச் சேர்ந்த கேம் அது.

போய்ச் சேராத கேம் ஒன்று நம் வீட்டுக் கதை. டொராண்டோவின் விசை கேம்ஸ் உருவாக்கிய ‘வெண்பா’. 1980களில் கனடாவுக்குக் குடியேறிய தமிழ்க் குடும்பம். அம்மா வெண்பா, அப்பா பாவலன், மகன் கவின். கிழிந்து மசி கலைந்த சமையல் குறிப்பை வைத்து இட்லியும் புட்டும் செய்ய வேண்டும். இட்லித் தட்டுகளை அடுக்கும்போது மேல்தட்டின் குழி கீழ்த்தட்டு இட்லிக்கு நேர் மேலே வராமல் திருப்பி வைக்க வேண்டும், இல்லையென்றால் ஆவி ஏறாது. வெளியானது 2023 ஜூலை 31. மூன்று நாள் கழித்து, ஆகஸ்ட் 3 அன்று பால்டர்ஸ் கேட் 3 வந்தது. வெண்பாவை முடிக்க ஒன்றரை மணி நேரம் போதும். ஆனால் அந்த ஆகஸ்டில் கேம் பத்திரிகைகளுக்கு வேலை என்றாலே பால்டர்ஸ் கேட் வழிகாட்டிக் கட்டுரைகள்தான். வாசகரை இழுப்பது அது, விளம்பரம் வருவது அதில், சம்பளமும் அதிலிருந்துதான். காசு உள்ளே வருகிற வழி இதுதான். எந்த கேமை வேலை நேரத்தில் ஆடலாம், எதைச் சொந்த ஞாயிற்றுக்கிழமையில் ஆட வேண்டும் என்று அது தீர்மானிக்கிறது. லஞ்சத்தைவிட இது நயமானது. கையும் களவுமாகப் பிடிக்க முடியாதது.

வெண்பா கேம் அவார்ட்ஸில் இரண்டு பிரிவுகளில் பரிந்துரை பெற்று இரண்டிலும் தோற்றது. சில மாதம் கழித்து, ஆடிப் பார்த்து விவாதித்து முடிவெடுக்கும் நடுவர் குழுக்களைக் கொண்ட, சிறு நிறுவனக் கேம்களுக்கான ஐஜிஎஃப் விழாவில் தலையாய பரிசை வென்றது. 2024 ஏப்ரலில் பாஃப்டாவின் சிறந்த அறிமுக கேம் விருதும் வந்தது. ஐஜிஎஃபில் பெரிய கேம்கள் போட்டியிலேயே இல்லை என்பது உண்மைதான். ஆனாலும் ஒரு குழுவுக்கு ‘இதை ஆடிவிட்டு வந்து பேசு’ என்று வேலை கொடுப்பதும், நூறு அலுவலகங்களிடம் ‘ஞாபகத்துக்கு வந்த ஐந்தை எழுது’ என்று கேட்பதும் ஒன்றல்ல.

அப்படியானால் நடுவர்களே வேண்டாம், ரசிகர்களிடம் விட்டுவிடுங்கள் என்று ஒரு கோஷம் உண்டு. விட்டுப் பார்த்தார்கள். கேம் விற்கும் ஸ்டீம் தளம் முழுக்க மக்கள் ஓட்டில் விருது தருகிறது. அதில் ‘லேபர் ஆஃப் லவ்’ என்று ஒரு பிரிவு, வெளியாகிப் பல வருடம் ஆன பிறகும் அக்கறையோடு கவனிக்கப்படும் கேமுக்கானது. 2023க்கான விருது ‘ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2’க்குக் கிடைத்தது. அதன் ஆன்லைன் பகுதிக்கு இனிப் பெரிய அப்டேட் எதுவும் வராது என்று ராக்ஸ்டார் நிறுவனம் முந்தைய ஆண்டே அறிவித்திருந்தது. கிண்டலுக்குப் போட்டார்களோ பாசத்தில் போட்டார்களோ, ஓட்டு ஓட்டுதான். மேசைக் கணக்கு இங்கே கூட்டக் கணக்காகிறது, அவ்வளவுதான்.

கேம் அவார்ட்ஸைக் குற்றம் சாட்ட வேண்டுமா? தாராளமாகச் சாட்டுங்கள், சரியான இடத்தில். கன்சோல் தயாரிப்பவர்களும் பெரிய வெளியீட்டாளர்களும் உட்கார்ந்திருக்கிற ஆலோசனைக் குழு ஒன்று உண்டு. அவர்கள் ஓட்டுப் போடுவதில்லை. ஆனால் எந்தப் பத்திரிகைகள் ஓட்டுப் போடலாம் என்று தேர்ந்தெடுப்பதில் அவர்களுக்குப் பங்கு உண்டு. தேர்தலில் நிற்பவரே வாக்காளர் பட்டியல் தயாரிப்பது போல இருக்கிறது இது. இதைப் பற்றி ஏன் ஒருவரும் கத்துவதில்லை? ஒவ்வொரு பத்திரிகையின் சீட்டும் ரகசியம் என்கிறார்கள். பொதுத் தேர்தலில் ரகசியம் வாக்காளரைக் காப்பாற்ற, இங்கே அது யாரைக் காப்பாற்ற? 2023இல் கொரியப் பெருநிறுவனமான நெக்ஸானுக்குச் சொந்தமான ஸ்டுடியோவின் ‘டேவ் தி டைவர்’ சிறு நிறுவனக் கேம்கள் பிரிவில் பரிந்துரையானது. அதற்கும் பதில், நடுவர்கள் அப்படிப் போட்டார்கள் என்பதுதான். சிறு நிறுவனம் என்றால் என்ன என்று எழுதி வைக்காத விதிக்கு லஞ்சம் எதற்கு? நான் கேட்பது இதைத்தான்: சீட்டில் வரிசை போடச் சொல்லுங்கள். விழா முடிந்ததும் சீட்டுகளை வெளியிடுங்கள். எழுதிய கேம்களில் எத்தனையை அந்த அலுவலகத்தில் யாராவது முடித்தார்கள் என்று ஒரு வரி சேர்க்கச் சொல்லுங்கள்.

இதையெல்லாம் அக்கா மகனிடம் சொல்லி அவன் காதில் ஏறவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை வெண்பாவைப் போட்டுக் கொடுத்தேன். இட்லித் தட்டை நேருக்கு நேர் அடுக்கினான், வேகவில்லை. சமையலறையிலிருந்து அக்கா வந்து எட்டிப் பார்த்து, “தட்டத் திருப்பி வைடா” என்றாள். அதன் பிறகு பேச்சே இல்லை. கவின் வளர்ந்து பெரியவனாகிற இடத்தில் மூக்கை உறிஞ்சியது போல இருந்தது, நான் பார்க்காதது போல இருந்துகொண்டேன். முடிந்ததும் கேட்டான்:

“சூப்பரா இருக்கே மாமா. இதுக்கு ஏன் அந்த விருது குடுக்கல?”

“நீ சொல்லு.”

கொஞ்ச நேரம் யோசித்தான். “காசு குடுத்திருக்க மாட்டாங்க.”