கைக்குப் பழகிய கருவி

புதியது வந்ததும் பழையதை மறப்பது உலக வழக்கு. ஆயினும் சில கருவிகள் தயாரிப்பு நின்ற பின்னரும் பயன்படுத்தியோர் நெஞ்சை விட்டு நீங்குவதில்லை. கணினியில் படம் வரைய உதவிய ‘ஃபிரீஹேண்ட்’ அத்தகையதொரு மென்பொருள்.

அமெரிக்காவின் ஆல்ட்சிஸ் நிறுவனம் உருவாக்கிய இதனை, ஆல்டஸ் நிறுவனம் 1988-ஆம் ஆண்டு வெளியிட்டது. படத்தைப் புள்ளிகளின் திரளாக அன்றி, கோடுகளின் கணக்காகவே இது சேமித்தது. ஆகவே எவ்வளவு பெரிதாக்கினும் விளிம்பு மங்குவதில்லை. வெவ்வேறு அளவுள்ள பல பக்கங்களை ஒரே கோப்பில் அமைக்கும் வசதியும் நாளடைவில் சேர்ந்தது. போட்டி மென்பொருளான இல்லஸ்டிரேட்டர் அவ்வசதியைப் பெற்றது 2008-இல்தான்.

1995-இல் மேக்ரோமீடியா வசமான ஃபிரீஹேண்ட், 2005-இல் அந்நிறுவனத்தையே அடோபி வாங்கியபோது போட்டியாளரின் கைக்கே போய்ச் சேர்ந்தது. 2007-இல் அதன் வளர்ச்சி நிறுத்தப்பட்டது. பயனர்கள் 2011-இல் வழக்குத் தொடுத்தனர். மறு ஆண்டு அது உடன்பாட்டில் முடிந்தது. மென்பொருளோ மீளவில்லை.

இப்பற்றினை வெறும் பழமை மோகம் என நாம் தள்ளிவிடலாகாது. பல்லாண்டுப் பழக்கத்தில் கை பெற்ற வேகம் புதிய கருவியில் உடனே வாய்ப்பதில்லை. அதனினும் பெரிது, வாழ்நாள் உழைப்பு யாவும் அக்கோப்புகளுள் அடைபட்டுக் கிடப்பதே.

நம் இல்லங்களின் நிழற்படங்களும் கடிதங்களும் இன்று கணினியில்தான் உறங்குகின்றன. திறவுகோல் பிறர் கையிலுள்ள பெட்டியை மட்டும் நாம் நம்பலாமா? எம்மென்பொருளிலும் திறக்கவல்ல பொது வடிவில் ஒரு படியும், தாளில் ஒரு படியும் இன்றே எடுத்து வைப்போம்.