மேலே அனுப்பினா போதுமா, கேட்க வேண்டாமா?

பி.காம். படிக்கிறவனுக்கு சாட்டிலைட்ல என்ன வேலைன்னு கேட்காதீங்க. இது செலவுக் கணக்கு சம்பந்தப்பட்ட விஷயம்.

2022 ஆகஸ்ட் 7ல் இஸ்ரோவின் எஸ்.எஸ்.எல்.வி. ராக்கெட்டில் ஆசாதிசாட் போனது ஞாபகம் இருக்கும். எட்டு கிலோ எடை, உள்ளே 75 குட்டிக் கருவிகள், நாடு முழுக்க 750 அரசுப் பள்ளி மாணவிகளின் உழைப்பு. நம்ம திருமங்கலம் அரசு பெண்கள் மேல்நிலைப் பள்ளி மாணவிகளும் அதில் உண்டு. சரியான பாதையில் விடப்படாததால் அந்த சாட்டிலைட் வீணாகிப் போச்சு. 2023 பிப்ரவரி 10ல் ஆசாதிசாட்-2 ஒழுங்காகப் போய்ச் சேர்ந்தது.

பேப்பரில் எல்லாம் ராக்கெட் படம்தான். உள்ளே இருந்த ஹாம் ரேடியோ பற்றி யாரும் பெரிசா எழுதலை. எனக்கென்னவோ அதுதான் முக்கியம்னு தோணுது. குட்டி சாட்டிலைட்டில் கேமரா கெட்டால் பரவாயில்லை. ரேடியோ கெட்டால் மேலே சுற்றுவது வெறும் தகர டப்பா.

ஹாம்சாட் கதையைப் பாருங்க. 2005 மே 5ல் ஸ்ரீஹரிகோட்டாவில் இருந்து போனது, 42.5 கிலோ. அதில் இரண்டு டிரான்ஸ்பாண்டர்கள். ஒன்று நம்ம ஊர் ஆட்கள் செய்தது, இன்னொன்று நெதர்லாந்தில் இன்ஜினியரிங் படித்த ஒரு மாணவர் செய்தது (ஆமாம், மாணவர்!). கீழேயிருந்து 435 மெகாஹெர்ட்ஸில் பேசினால் வாங்கி 145ல் திருப்பி அனுப்பும். சக்தி ஒரு வாட்தான். அந்தக் கால ஜீரோ வாட் பல்பே அதைவிட அதிகமா இழுக்கும்! 2014 ஜூலையில் பேட்டரி சாகும் வரை, ஒன்பது வருஷம், உலகம் முழுக்க ஹாம்கள் பைசா செலவில்லாமல் அதன் வழியா பேசினாங்க.

இப்போ கணக்குக்கு வருவோம். கம்ப்யூட்டரில் செருகும் எஸ்.டி.ஆர். ரிசீவர் சில ஆயிரம் ரூபாய். ஆன்டெனா? முன்னே கொடைக்கானல் டி.வி.க்காக மதுரை மொட்டை மாடிகளில் நின்ற மீன்முள் மாதிரிதான், கையாலேயே செய்யலாம். சாட்டிலைட் நம் தலைக்கு மேல் கடப்பது சுமார் பத்து நிமிஷம். நெருங்கும்போது அலைவரிசை கொஞ்சம் ஏறி, விலகும்போது இறங்கும், ரயில் ஹாரன் மாதிரி. பிளஸ் ஒன் இயற்பியல் டாப்ளர் விளைவைக் காதாலேயே கேட்கலாம். பதில் பேசத்தான் லைசென்ஸ் பரீட்சை எழுதணும், 12 வயசு ஆனாலே எழுதலாம்.

அதனால பள்ளிப் பிள்ளைகளை வைத்து சாட்டிலைட் செய்கிறவர்கள், கருவிப் பெட்டியோடு ஒவ்வொரு பள்ளிக்கும் ஒரு ரிசீவரும் ஆன்டெனாவும் பட்ஜெட்டில் சேர்க்கணும். ராக்கெட் செலவுக்கு முன்னால் இது டீச்செலவு. உயரமான கட்டிடம் எதுவும் மறைக்காத திருமங்கலம் கரிசல் காட்டைவிட இதற்கு நல்ல இடம் எங்கே கிடைக்கும்?