ஒரு கோடையில் புகழ். மறு கோடையில் தோள் போயிற்று!

1976 ஜூன் 28, இரவு. அமெரிக்காவின் டெட்ராய்ட் நகர மைதானத்தில் 47 ஆயிரம் பேர். ஆட்டம் முடிந்துவிட்டது, பலம் வாய்ந்த நியூயார்க் யாங்கீஸ் அணி தோற்றுவிட்டது. ஆனாலும் கூட்டம் கலையவில்லை! 'பறவை'யைப் பார்க்காமல் வீட்டுக்குப் போவதில்லை என்று ஒரே கூச்சல்.

அந்தப் பறவையின் பெயர் மார்க் ஃபிட்ரிச். வயது 21. நெடிய உடம்பு, சுருட்டை முடி. குழந்தைகளுக்கான டெலிவிஷன் நிகழ்ச்சி ஒன்றில் வரும் மஞ்சள் பறவையைப் போல இருக்கிறார் என்று ஒரு பயிற்சியாளர் சூட்டிய பெயர், அப்படியே ஒட்டிக்கொண்டது.

பேஸ்பால் ஆட்டத்துக்குப் பந்தெறிபவர்தான் அச்சாணி. கிரிக்கெட்டைப் போல ஓடி வந்து கையை நீட்டி வீசுவதில்லை. மண் மேடையில் நின்று, முழங்கையை மடக்கி, அறுபது அடிக்கு அப்பால் மட்டையோடு நிற்பவரை நோக்கி விட்டெறிய வேண்டும். ஃபிட்ரிச் எறியுமுன் பந்தோடு பேசுவார்! மண்டியிட்டு, மேடை மண்ணைக் கையாலேயே தடவிச் சமன் செய்வார். ஜனங்கள் சொக்கிப் போனார்கள். உள்ளூரில் அவர் எறிந்த 18 ஆட்டங்களுக்கு மட்டும் 6 லட்சம் பேருக்கு மேல் டிக்கெட் வாங்கினார்கள். கிளப்பின் கல்லா நிறைந்தது.

கை என்ன ஆயிற்று? அந்த ஆண்டு அவர் தொடங்கிய ஆட்டங்கள் 29. அவற்றில் 24-ஐ வேறு ஆள் உதவியின்றி அவரே எறிந்து முடித்தார். வெற்றி 19, தோல்வி 9. ஆண்டின் சிறந்த புதுமுகம் என்ற பட்டமும் கிடைத்தது. 21 வயது உடம்பிடம் 250 இன்னிங்ஸ் வேலை வாங்குகிறோமே என்று யோசித்தவர்கள் அதிகமில்லை.

1977 வசந்தகாலப் பயிற்சியில் முழங்கால் ஜவ்வு கிழிந்தது. ஆபரேஷன் செய்துகொண்டு திரும்பினார். ஜூலையில் கை செத்தது போலாயிற்று. அதன் பிறகு எவ்வளவோ முட்டி மோதியும், 1976-க்குப் பின் அவர் கண்ட வெற்றிகள் மொத்தம் பத்தே பத்து. 1983-ல் ஆட்டத்தை விட்டார். தோள் தசைநார்கள் கிழிந்திருப்பதை டாக்டர் கண்டுபிடித்தது 1985-ல்! பிறகு பண்ணை, லாரி என்று சொந்த ஊர்ப் பக்கத்தில் வாழ்ந்தார். 2009-ல் லாரிக்கு அடியில் பழுது பார்க்கும்போது இறந்தார்.

இன்று மட்டும் என்ன?

இன்று எந்தக் கிளப்பும் அப்படி வேலை வாங்குவதில்லை. நூறு பந்துகளை நெருங்கினாலே ஆளை மாற்றிவிடுகிறார்கள். அன்று ஒருவர் தனியாக முடித்த 24 ஆட்டங்களை, 2024-ல் முப்பது அணிகளும் சேர்ந்துதான் சற்றே தாண்டின. அப்படியானால் கைகள் பிழைத்திருக்க வேண்டுமே? இல்லை!

1974-ல் டாமி ஜான் என்ற ஆட்டக்காரருக்கு, டாக்டர் ஃபிராங்க் ஜோப் வேறிடத்து நாரை எடுத்து முழங்கையில் கட்டினார். ஃபிட்ரிச் ஜொலித்த அதே 1976-ல் டாமி ஜான் திரும்பி வந்தார். 1989 வரை எறிந்தார். அபூர்வமாக இருந்த அந்த ஆபரேஷன் இன்று சர்வ சாதாரணம். தொழில்முறை பேஸ்பாலில் 2010-ல் 104 பேருக்கு நடந்தது, 2024-ல் 281 பேருக்கு நடந்தது. இது பெரிய லீக் நிர்வாகமே 2024 டிசம்பரில் வெளியிட்ட கணக்கு.

காரணம் வேகம் என்கிறது அந்த அறிக்கை. 2008-ல் மணிக்கு 91 மைலாக இருந்த சராசரி வேகப்பந்து, 2024-ல் 94 மைலைத் தாண்டிவிட்டது. பந்துக்கு இடையே நேரக் கட்டுப்பாடு வைத்ததுதான் குற்றம் என்கிறது ஆட்டக்காரர் சங்கம். அதற்கு ஆதாரமில்லை என்று நிர்வாகம் மறுக்கிறது. சங்கம் சொல்வதில் கொஞ்சம் நியாயம் இருக்கலாம். ஆனால் அந்தக் கட்டுப்பாடு பெரிய லீக்குக்கு வந்தது 2023-ல்தான். கைகள் அதற்கு வெகு முன்பே முறியத் தொடங்கிவிட்டன.

ஒன்பது இன்னிங்ஸ் எறிய வேண்டியவர் பலத்தைச் சேமித்து வைப்பார். ஐந்தில் மாற்றப்படுகிறவர் ஒவ்வொரு பந்திலும் முழு மூச்சையும் கொட்டுகிறார். வேகம் உள்ளவருக்கே இடம், சம்பளம். பள்ளிப் பையன்களும் இதைத் தெரிந்துகொண்டு, வேகம் அளக்கும் கருவிக்கு முன் நின்று எறிகிறார்கள். எறிபவர் நீண்ட நேரம் நிற்கும்படி விதிகளை மாற்றலாமா என்று அறிக்கை யோசனை சொல்கிறது. கிளப்புகளுக்கு அதில் அவசரம் இல்லை; ஒரு கை போனால், அதே வேகத்தில் எறிய இன்னொரு வாலிபர் வரிசையில் நிற்கிறார்.